மேசன் தம்பிக்கு: சீமெந்து வேண்டாம்

அன்புள்ள தம்பி,

சனிக்கிழமை திருகோணமலைப் பக்கம் எங்கள் தம்பலகாமத்து வீட்டைச் சுற்றிப் பார்த்துவிட்டு, "அக்கா, பழைய சுண்ணாம்புக் காரையைக் கொத்தி எடுத்திட்டு சீமெந்து பூசினா நாலு நாளில முடிச்சிடலாம்" என்றீர்கள். அப்போது நான் ஒன்றும் சொல்லவில்லை. வேலை தெரிந்தவரை முகத்துக்கு நேரே மறுக்க வாய் வரவில்லை. அதனால்தான் எழுதுகிறேன். பழைய வீடு வைத்திருக்கும் மற்றவர்களுக்கும் உதவும் என்று இங்கேயே போடுகிறேன்.

முதலில் அந்த ஓடு. நீங்கள் இறக்கிக் காட்டியதில் 1865 என்று பதிந்திருந்தது. அது வீட்டின் வயது இல்லை, தம்பி. மங்களூரில் பாசல் மிஷன் என்ற ஜெர்மன்-சுவிஸ் கிறிஸ்தவ சங்கம் ஓட்டுத் தொழிற்சாலை தொடங்கிய ஆண்டு. பிறகு செய்த ஓடுகளிலும் அதையே பதித்து வந்தார்கள். முதலாம் உலகப் போர் வந்தபோது ஜெர்மன்காரர் சொத்து என்று பிரித்தானியர் அதை எடுத்துக்கொண்டார்கள், பெயரும் மாறிவிட்டது. ஆகவே பழைய பெயரோடு நம் கூரையில் இருப்பது அதற்கு முந்திய ஓடு. எங்கள் பக்கத்து வயல்களுக்குத் தண்ணீர் தரும் கந்தளாய்க் குளத்தை வெள்ளைக்காரர் திருத்திய பிறகு, வயலுக்குத் தண்ணீர் ஒழுங்காக வரத் தொடங்கிய காலத்தில் பூட்டன் கட்டிய வீடு என்று அப்பா சொல்வார். இரண்டும் பொருந்துகிறது.

இது வயல் வீடு. நெல்லுக்காகவே கட்டியது. நெல் அறையின் தரை மற்ற அறைகளைவிட இரண்டு அடி உயரம், அடியில் காற்றுப் போக ஓட்டைகள். மூன்று பக்கமும் விறாந்தை இருப்பதால் உச்சி வெயிலிலும் சுவர் சுடாது. கதவு நிலை எல்லாம் முதிரை மரம். விறாந்தை, சன்னல், அலுமாரி எல்லாம் போர்த்துக்கீசர் தந்த சொற்கள். அலுவலகத்தைச் சொல்லும் கந்தோர் ஒல்லாந்தருடையது. உங்களை ஊரே கூப்பிடுகிற 'பாஸ்' கூட ஒல்லாந்தச் சொல்தான்!

சரி, சுவருக்கு வருகிறேன். 1986 ஏப்ரல் 20 அன்று கந்தளாய்க் குளக்கட்டு உடைந்தது. எத்தனையோ உயிர்கள் போயின. எங்கள் வீட்டுக்குள் முழங்கால் அளவு தண்ணீர் நின்றது. தண்ணீர் வடிந்ததும் அம்மா கதவு சன்னலை எல்லாம் திறந்துபோட்டார். அடுத்த மாரிக்கு முன்பே சுவர் காய்ந்துவிட்டது. சுண்ணாம்புக் காரை ஈரத்தைக் குடிக்கும், வெயில் வந்ததும் வெளியே விட்டுவிடும்.

அப்பாவுக்குப் பயம் போகவில்லை. இனித் தண்ணீர் ஏறக்கூடாது என்று கீழே மூன்று அடிக்குச் சீமெந்து பூசுவித்தார். நல்ல எண்ணத்தில் செய்ததுதான். ஆனால் நிலத்திலிருந்து ஏறும் ஈரம் அந்த மூன்றடியில் வெளியே வர வழியில்லாமல் மேலே ஏறிவிட்டது. நீங்கள் விரலால் தட்டிப் பார்த்த இடம் நினைவிருக்கிறதா? சீமெந்து முடியும் கோட்டுக்குச் சரியாக ஒரு சாண் மேலே வெள்ளையாக உப்புப் பூத்திருக்கிறது. அங்கே செங்கல் பிஸ்கட் மாதிரி உதிர்கிறது. சீமெந்து மட்டும் கல்லுப்போல நிற்கிறது, அதன் பின்னால் சுவர் மாவாகிறது. முழுச் சுவருக்கும் பூசினால் முழுச் சுவருக்கும் அதே கதி.

அதனால் கேட்கிறேன். கீழே உள்ள சீமெந்தை மட்டும் எடுங்கள். சின்ன உளியால், செங்கல்லில் படாமல். மேலே உறுதியாக இருக்கும் பழைய காரையில் கை வைக்க வேண்டாம். சுண்ணாம்பை நான் ஏற்கனவே நீற்றிப் பின்பக்கக் குழியில் தண்ணீரின் கீழ் வைத்திருக்கிறேன். கடற்கரை மணல் உப்பு, அது வேண்டாம். ஆற்று மணலை அரித்து எடுங்கள். மெல்லிசாகப் பூசி, அது இறுகிய பிறகு அடுத்தது. அது காற்றிலிருந்து கரியமிலவாயுவை எடுத்து மெல்ல மெல்லக் கல்லாகும், அவசரப்படுத்த முடியாது. நாலு நாள் வேலை நாற்பது நாள் ஆகும் என்று தெரியும். அத்தனை நாளுக்கும் கூலி தருவேன், மத்தியானச் சாப்பாடும் உண்டு.

உங்கள் தாத்தா சுண்ணாம்பு வேலை செய்தவர் என்று சொன்னீர்களே. அவருடைய மட்டப்பலகை வீட்டில் இன்னும் கிடந்தால், வரும்போது எடுத்து வாருங்கள்.

அன்புடன்,
தம்பலகாமத்து அக்கா