ஒற்றைக்கண்ணி அணையும் இரவு

அன்புள்ள பாப்பாவுக்கு,

நீ அனுப்பிய ஏழு அத்தியாயங்களையும் இரண்டு முறை படித்துவிட்டேன். முதல் தடவை கதைக்காக, இரண்டாம் தடவை அந்தக் குவாசருக்காக, தொலைதூர விண்மீன் திரளின் நடுவில் எரியும் அந்தப் பேரொளிக்காக. அதற்கு ஒற்றைக்கண்ணி என்று பெயர் வைத்திருக்கிறாயே, அங்கேயே என் மனசு ஒட்டிக்கொண்டது. ஓர் அரசன் பொய்ச்சத்தியம் செய்தால் அது கண்ணை மூடிக்கொள்ளும் என்பதும் பிடித்திருக்கிறது. அது உன் உலகம், அங்கே நீ வைத்ததுதான் சட்டம். அதில் நான் கைவைக்க மாட்டேன்.

மூன்றாம் அத்தியாயத்தில் ஓர் இடம்தான் உறுத்துகிறது. பன்னிரண்டு உலகங்களிலும் அது ஒரே இரவில் அணைந்தது என்று எழுதியிருக்கிறாய். அந்த ஒரு வரியில் கைக்கு வந்த புதையலை நழுவவிட்டாய் என்று நினைக்கிறேன்.

உனக்குப் பதினொரு வயதில் நாம் 3சி 273 என்ற நிஜக் குவாசரைப் பார்த்தது நினைவிருக்கிறதா? கன்னி விண்மீன் கூட்டத்தில் அதைத் தேடிப் பிடிக்க ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆனது. நீ தொலைநோக்கியில் கண்ணை வைத்துவிட்டு, "மத்த நட்சத்திரம் மாதிரியேதானேப்பா இருக்கு?" என்றாய். குரலில் அவ்வளவு ஏமாற்றம். வானியலாளர்களுக்கும் அது வெறும் நட்சத்திரப் புள்ளியாகத்தான் தெரிந்தது, ஆனால் அதன் ஒளியை நிறம் நிறமாகப் பிரித்தபோது வந்த நிறமாலைக் கோடுகள் தெரிந்த எந்தத் தனிமத்தோடும் பொருந்தவில்லை. 1963-இல் மார்டன் ஷ்மிட் அவை நமக்குப் பழக்கமான ஹைட்ரஜன் கோடுகள்தான், கிட்டத்தட்ட 16 விழுக்காடு சிவப்புப் பக்கம் நகர்ந்திருக்கின்றன என்று கண்டுகொண்டார். அண்டம் விரிவதால், எவ்வளவு தூரத்திலிருந்து ஒளி வருகிறதோ அவ்வளவு அதிகமாகச் சிவப்புப் பக்கம் நகரும். அப்படியானால் அது 200 கோடி ஒளியாண்டுக்கும் அப்பால் இருக்க வேண்டும். அன்று உன் கண்ணில் விழுந்த ஒளி அங்கிருந்து கிளம்பியபோது பூமியில் ஒரு மரம் இல்லை, ஒரு விலங்கு இல்லை.

அவ்வளவு தூரத்திலிருந்து தெரிய வேண்டுமென்றால் அதற்கு எவ்வளவு தீனி வேண்டும் என்று யோசி. நடுவில் ஒரு ராட்சசக் கருந்துளை. அதைச் சுற்றி வாயு தட்டுப்போலச் சுழன்று, உராய்ந்து, கொதித்து உள்ளே விழுகிறது. நாம் பார்ப்பது அந்தத் தட்டின் வெளிச்சத்தை. வாயு வரத்து குறைந்தால் குவாசர் மங்கிவிடும். பத்தே ஆண்டுக்குள் வெகுவாக மங்கிப்போனவையும் உண்டு. ஆனால் ஊதி அணைத்த விளக்குபோலச் சட்டென்று அணையாது. தட்டின் ஓர் ஓரத்திலிருந்து மறு ஓரத்துக்கு ஒளி போகவே மணிக்கணக்கில், சில குவாசர்களில் நாள் கணக்கில் ஆகும். அதனால் ஒற்றைக்கண்ணியின் இமை மெல்ல இறங்கட்டும். பார்க்கிறவர்களுக்கு முதலில் சந்தேகம் வரும், பயம் அப்புறம்தான் வரும்.

சரி, புதையலுக்கு வருகிறேன். உன் பன்னிரண்டு உலகங்களும் ஒற்றைக்கண்ணியிலிருந்து ஒரே தூரத்தில் இல்லையே! பக்கத்து உலகத்துக்கு இருள் முதலில் வந்து சேரும். எட்டத்து உலகத்துக்கு ஐம்பது, அறுபது ஆண்டு கழித்து வரும். பொய் சொன்ன அரசன் செத்து, அவன் பேரன் சிம்மாசனத்தில் உட்கார்ந்திருக்கும்போது அங்கே கண் மூடும். மக்கள் யாரைக் குற்றம் சொல்வார்கள்? பேரனைத்தானே! ஒரு தப்பும் செய்யாத அந்தப் பையனை நினைத்து எனக்கு நேற்று ராத்திரி தூக்கம் வரவில்லை. உன் கதை அவனுடையது என்றே தோன்றுகிறது.

ஒரே உலகத்தில்கூட இது நடக்கலாம். 1979-இல் கண்ட இரட்டைக் குவாசர் ஒன்று உண்டு. நடுவிலிருக்கும் விண்மீன் திரளின் ஈர்ப்பு, ஒளியை இரு வழியாக வளைப்பதால் ஒரே குவாசர் இரண்டாகத் தெரிகிறது. ஒரு பிம்பத்தில் இன்று கூடிய பிரகாசம் இன்னொன்றில் ஏறத்தாழ 417 நாள் கழித்துக் கூடும். உன் சோதிடர்களுக்கு இப்படி ஒரு வானம் கிடைத்தால் என்ன செய்வார்கள்!

இன்னொன்று, இது எனக்கு ரொம்பப் பிடித்தது. 2007-இல் ஹன்னி வான் ஆர்கெல் என்ற நெதர்லாந்து ஆசிரியை, விண்மீன் திரள்களின் படங்களைத் தன்னார்வமாகத் தரம் பிரித்துக்கொண்டிருந்தபோது ஒரு திரளுக்குப் பக்கத்தில் விசித்திரமான வாயு மேகம் ஒன்றைப் பார்த்தார். ஒரு விண்மீன் திரள் அளவுக்குப் பெரியது. ஆக்சிஜன் ஒளிர்ந்து பச்சை நிறம் தந்தது. அதை ஒளிரவைக்கும் அளவுக்குப் பிரகாசமான எதுவும் பக்கத்தில் காணோம். அந்தத் திரளின் நடுவில் முன்பு ஒரு குவாசர் எரிந்திருக்கிறது, அது அடங்கிய பிறகும் அதன் பழைய வெளிச்சம் மேகத்தைத் தொட்டுக்கொண்டிருக்கிறது என்பதுதான் பெரும்பாலோர் ஏற்கும் விளக்கம். உன் ஒற்றைக்கண்ணிக்குப் பக்கத்தில் இப்படி ஒரு பச்சை மேகம் வைத்துப் பார். கண் மூடிய பின்னும் அது ஒளிரும். நேர்மையான அரசன் காலத்து வெளிச்சம் அது என்று அந்தப் பேரனுக்கு யாராவது ஒரு கிழவி சொல்லட்டும்.

ஏழாம் அத்தியாயத்துப் படகோட்டிப் பெண்ணை மட்டும் மாற்றிவிடாதே. துடுப்பைத் தண்ணீருக்குள் வைத்தபடியே வானத்தைப் பார்க்கிறாளே, அந்த இடம் அப்படியே இருக்கட்டும். அவள் எந்த உலகத்தில் இருக்கிறாள், அங்கே இருள் வந்து சேர்ந்துவிட்டதா என்று நீ சொல்லவே இல்லை. எட்டாம் அத்தியாயம் முடிந்ததும் முதலில் எனக்கு அனுப்பு.

அன்புடன்,
அப்பா