'அப்துல்' என்பது முழுப் பெயர் அன்று

ஆசிரியர் அவர்களுக்கு,

தங்கள் நாளிதழின் பெயர் விளக்கப் பகுதியில் 'அப்துல்' என்ற அரபுப் பெயருக்கு 'அடியார்' என்று பொருள் தந்து, அதைத் தனித்து நிற்கும் பெயராகவே குறித்திருந்தீர்கள். செய்திகளிலும் 'அப்துல் கூறினார்' என்று எழுதும் வழக்கம் பரவியிருப்பதால், இப்பெயரின் அமைப்பைச் சற்று விளக்க விரும்புகிறேன்.

'அப்த்' என்றால் அடியார். வழிபாட்டைக் குறிக்கும் 'இபாதத்' என்ற சொல்லும் இதே வேரில் பிறந்தது. எழுவாயாக வருகையில் உகரம் ஏற்று 'அப்து' ஆகும் அச்சொல், அடுத்த சொல்லின் முன்னிற்கும் 'அல்' என்ற சுட்டோடு (ஆங்கிலத்தின் 'the' போன்றது) சேர்ந்து 'அப்துல்' என ஒலிக்கிறது. ஆகவே அவ்விடத்தில் நிறுத்தினால், யாருடைய அடியார் என்பது சொல்லப்படாமலே பெயர் பாதியில் அறுந்துவிடுகிறது. 'அப்துல் கரீம்' என்றால் கொடையாளனாகிய இறைவனின் அடியார்; 'அப்துல் காதிர்' என்றால் ஆற்றலுடையவனின் அடியார்.

'அப்துர் ரஹ்மான்', 'அப்துஸ் ஸலாம்' என்று சிலர் எழுதுவதை எழுத்துப்பிழை என்று திருத்திவிட வேண்டாம். அரபியின் 28 எழுத்துகளில் 14 எழுத்துகளுக்குச் 'சூரிய எழுத்துகள்' என்று பெயர். அவற்றில் ஒன்றால் தொடங்கும் சொல்லுக்கு முன் 'அல்' வந்தால் லகரம் மறைந்து அந்த எழுத்தே இரட்டிக்கும். புணர்ச்சி விதிகளில் பழகிய நமக்கு இது புதுமையன்று.

இவ்வகைப் பெயர்கள் இஸ்லாத்துக்கு முன்பே அரபியரிடம் இருந்தன. கதிரவனின் அடியார் என்ற பொருளில் 'அப்து ஷம்ஸ்' என்றும், உஸ்ஸா என்னும் பெண் தெய்வத்தின் பெயரால் 'அப்துல் உஸ்ஸா' என்றும் வழங்கினர். இஸ்லாம் வந்தபின், பின்பாதி இறைவனின் திருநாமமாகவே இருக்க வேண்டும் என்ற மரபு நிலைபெற்றது. நபிகள் நாயகத்தின் பாட்டனாரான அப்துல் முத்தலிபின் பெயர் அதற்கு முந்தியது. ஷைபா என்ற இயற்பெயருடைய அவரைச் சிறுவயதில் யத்ரிபிலிருந்து (இன்றைய மதீனா) தந்தையின் உடன்பிறந்தவரான முத்தலிப் மக்காவுக்கு அழைத்துவந்தபோது, 'முத்தலிபின் அடிமை' என்று ஊரார் தவறாக எண்ணியதால் அப்பெயர் ஒட்டிக்கொண்டது என்பர். இவ்வமைப்பு முஸ்லிம்களுக்கு மட்டும் உரியதுமன்று: அரபுக் கிறித்தவர்களிடையே கிறிஸ்துவின் அடியார் என்ற பொருளில் 'அப்துல் மஸீஹ்' உண்டு, விவிலியத்தில் வரும் 'ஒபதியா' என்ற பெயரும் எபிரேயத்தில் இதே வேர் கொண்டது.

1979இல் இயற்பியலுக்கான நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்ட அப்துஸ் ஸலாமை அறிவியல் நூல்கள் 'சலாம்' என்றே குறிக்கின்றன. 'அப்துல்' என்பதைவிட இது மேல் என்றாலும், 'ரஹ்மான்' போன்றவை இறைவனுக்கு மட்டுமே உரியவை என்பதால் மனிதரை அப்படித் தனித்து அழைக்கத் தயங்குவோர் பலர். எனவே இடம் குறைந்த தலைப்புகளிலும் இரு பாதிகளையும் சேர்த்தே அச்சிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்