தம்பிக்கு, டிஸ்க்கில் கை வைப்பதற்கு முன்

தம்பி,

நேற்று ராத்திரி போனில் "எல்லாம் போச்சும்மா" என்று மூன்று தடவை சொன்னாய். நீ சொன்னதையெல்லாம் திரும்பத் திரும்ப மனசில் ஓட்டிப் பார்த்துவிட்டுத்தான் எழுதுகிறேன். போகவில்லை. பதினான்கு மாசம் மலையேறி இறங்கி நீ பதிவு செய்த பேச்சுகள் அத்தனையும் இந்த நிமிஷம் அந்த டிஸ்க்கில் அப்படியே இருக்க எல்லா வாய்ப்பும் இருக்கிறது. கெடுப்பதென்றால் இனிமேல் நாம்தான் கெடுக்க வேண்டும். அதனால் முழுக்க படித்து முடிக்கிற வரைக்கும் லேப்டாப்பைத் தொடாதே. அணைத்து வைத்திருக்கிறாய் இல்லையா, அப்படியே இருக்கட்டும்.

நடந்ததைச் சொல்கிறேன், நான் புரிந்துகொண்டது சரியா என்று பார். சி டிரைவ் நிறைந்துவிட்டது. விண்டோஸில் டிஸ்க் மேனேஜ்மென்ட்டைத் திறந்தாய். அங்கே 200 ஜிபி அளவில் ஒரு கட்டம், அதாவது டிஸ்க்கில் பிரித்து வைத்த ஒரு பகுதி, பார்ட்டிஷன் என்பார்கள், அதற்கு எழுத்தும் இல்லை, பெயரும் இல்லை, ஃபைல் சிஸ்டம் என்கிற இடமும் காலி, "ஹெல்தி, பிரைமரி பார்ட்டிஷன்" என்று மட்டும் போட்டிருந்தது. சும்மா கிடக்கிற இடம் என்று நினைத்து டெலிட் கொடுத்துவிட்டாய். அதுதான் உன் உபுண்டு, விண்டோஸோடு சேர்த்து நீ வைத்திருந்த லினக்ஸ், உன் பதிவுகளும் அதற்குள்தான். லினக்ஸ் தன் ஃபைல்களை அடுக்கி வைக்கிற எக்ஸ்ட்4 என்கிற ஃபைல் சிஸ்டத்தை விண்டோஸுக்குப் படிக்கத் தெரியாது, தனக்குப் படிக்கத் தெரியாததை வெறுமையாகக் காட்டும். உன்மேல் எனக்குக் கோபமே இல்லை, அந்தக் கட்டத்தைப் பார்த்து ஏமாந்தவர்களை நான் நூற்றுக்கணக்கில் பார்த்திருக்கிறேன்.

உனக்கு ஞாபகம் இருக்காது, நீ அப்போது சின்னப் பையன். 2011-இல் அரசு லேப்டாப் கொடுக்க ஆரம்பித்தார்கள். மாநில அரசு நிறுவனமான எல்காட் வழியாக வந்த அந்த லேப்டாப்களில் விண்டோஸ் 7 ஒரு பக்கம், மத்திய அரசின் சி-டாக் உருவாக்கிய பாஸ் லினக்ஸ் இன்னொரு பக்கம். பிள்ளைகளுக்குப் படம் வைக்க, கேம் போட இடம் வேண்டும், பாஸ் எதற்கு என்று அந்தப் பார்ட்டிஷனை அழித்துவிடுவார்கள். மறுநாள் ஆன் செய்தால் கறுப்புத் திரையில் "க்ரப் ரெஸ்க்யூ" என்று ஒரே ஒரு வரி நிற்கும். திங்கட்கிழமை காலையில் எங்கள் காலேஜ் லேப் வாசலில் பையைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நாலைந்து பேராவது நிற்பார்கள், முகத்தைப் பார்த்தாலே எனக்குத் தெரிந்துவிடும். மெஷின் ஆன் ஆனதும் விண்டோஸா லினக்ஸா என்று மெனு காட்டித் தொடங்கி வைக்கிற புரோகிராம்தான் க்ரப். அதன் சின்னத் துண்டு ஒன்றுதான் டிஸ்க்கின் தலையில் இருக்கும், மிச்ச உடம்பு லினக்ஸ் பார்ட்டிஷனுக்குள்ளே. உடம்பை அழித்துவிட்டால் தலை என்ன செய்யும், தேடிப் பார்த்துவிட்டு நின்றுவிடும்.

உனக்கு "ரெஸ்க்யூ" வரவில்லை, "நோ சச் டிவைஸ்" என்று ஒரு நீளமான எண்ணைக் காட்டிவிட்டு வெறும் "க்ரப்" என்று நின்றது என்றாயே, அது நல்ல செய்தி. உன் மெஷின் யூஇஎஃப்ஐ என்கிற புது முறையில் தொடங்குவது, டிஸ்க்கில் பார்ட்டிஷன் கணக்கை வைத்திருப்பது ஜிபிடி என்கிற டேபிள். க்ரப் தன் சின்னத் துண்டை, தொடங்குவதற்கான ஃபைல்கள் இருக்கிற இஎஃப்ஐ பார்ட்டிஷனிலிருந்து ஒழுங்காக எடுத்துக்கொண்டது, அப்புறம் உன் உபுண்டுவை அதன் யூயூஐடியை வைத்துத் தேடியது, கிடைக்கவில்லை. அந்த நீளமான எண்தான் யூயூஐடி, உன் உபுண்டுவுக்கே உரிய அடையாள எண். அதை போட்டோ எடுத்தாய் அல்லவா, பத்திரமாக வை. பின்னால் வேண்டும்.

இப்போது முக்கியமான விஷயம். டெலிட் கொடுத்தால் என்ன அழிகிறது? உன்னுடையது 1 டிபி ஹார்ட் டிஸ்க். அதில் எந்தப் பார்ட்டிஷன் எங்கே தொடங்குகிறது, எங்கே முடிகிறது என்று அந்த ஜிபிடி டேபிள் எழுதி வைத்திருக்கிற இடம் முதல் 34 செக்டர், ஒரு செக்டர் 512 பைட், கூட்டிப் பார்த்தால் வெறும் 17 கேபி. அதில் உபுண்டுவுக்கான ஒரு வரியை விண்டோஸ் துடைத்திருக்கிறது, அவ்வளவுதான். நம் ஊர்க் கணக்கில் சொன்னால் பட்டாவில் பெயரை அடித்தாயிற்று, வயலில் பயிர் அப்படியே நிற்கிறது. ஜிபிடிக்கு டிஸ்க்கின் கடைசியில் ஒரு நகல் இருக்குமே, அதிலிருந்து எடுக்கலாமே என்று கேட்பாய். முடியாது. டெலிட் செய்யும்போது இரண்டு இடத்திலும் சேர்த்தே மாற்றிவிடும். டேபிள் தானாகக் கெட்டுப்போனால்தான் அந்த நகல் உதவும்.

ஆனால் எக்ஸ்ட்4 தன் சொந்த அடையாளத்தைத் தனக்குள்ளேயே வைத்திருக்கிறது. பார்ட்டிஷன் தொடங்கி 1024 பைட் தள்ளி சூப்பர் பிளாக் என்று ஒன்று, அதில் எவ்வளவு அளவு, என்ன யூயூஐடி எல்லாம் இருக்கும். பார்ட்டிஷனுக்குள்ளே பல இடங்களில் அதற்கு நகலும் இருக்கும். டெஸ்ட்டிஸ்க் என்கிற சின்ன புரோகிராம் டிஸ்க் முழுக்க நடந்து இந்த அடையாளங்களைத்தான் தேடுகிறது. இலவசம்தான், க்றிஸ்டோஃப் க்ரெனியே என்பவர் எழுதியது. அந்த மனுஷனுக்கு நான் எத்தனையோ தடவை மனசுக்குள் கும்பிடு போட்டிருக்கிறேன்.

உன்னைக் காப்பாற்றியது இன்னொன்று. டெலிட் செய்த பிறகு சி டிரைவில் "எக்ஸ்டெண்ட் வால்யூம்" அழுத்தப் பார்த்தேன், மங்கலாக இருந்தது, அழுத்த முடியவில்லை என்று சலித்துக்கொண்டாய். சி-க்கும் காலியான இடத்துக்கும் நடுவில் விண்டோஸின் ரெகவரி பார்ட்டிஷன் உட்கார்ந்திருக்கிறது. பக்கத்தில் ஒட்டியிருந்தால்தான் விண்டோஸ் இழுக்கும். அந்தச் சின்னக் கட்டம் நடுவில் இல்லாமல் போயிருந்தால் இன்றைக்கு நான் வேறு மாதிரிக் கடிதம் எழுத வேண்டியிருக்கும். எஸ்எஸ்டியாக இருந்திருந்தாலும் கவலைதான், ட்ரிம் என்று ஒன்று உண்டு, இந்த இடம் காலி என்று சிஸ்டம் சொல்லிவிட்டால் டிரைவே உள்ளே துடைத்துவிடும்.

செய்யக் கூடாததைச் சொல்லிவிடுகிறேன். அந்தக் காலி இடத்தில் புது வால்யூம் உண்டாக்காதே. உபுண்டுவை மறுபடி இன்ஸ்டால் செய்யாதே, பழைய ஃபைல்களை வைத்துக்கொண்டே இன்ஸ்டால் ஆகும் என்று யாராவது சொன்னாலும் வேண்டாம். ஃபார்மட் செய்யட்டுமா என்று எந்தப் பெட்டி வந்தாலும் கேன்சல். பக்கத்துக் கடையில் கொடுத்துவிடாதே, "ஃபார்மட் போட்டா சரியாயிடும்" என்பார்கள், மெஷின் சரியாகிவிடும், உன் பதிவுகள் போய்விடும்.

இதை நான் இவ்வளவு அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது, உன்னிடம் சொன்னதில்லை. 2013-இல் இரண்டாம் வருஷப் பையன் ஒருவன் இதே மாதிரி லேப்டாப்பைக் கொண்டுவந்தான். அன்றைக்கு லேபில் பிராக்டிகல், எனக்கு அவசரம். டேபிள் குழம்பிக் கிடந்தது, நான் மொத்த டிஸ்க்கையும் புதிதாகப் பிரித்து விண்டோஸைப் போட்டுக் கொடுத்துவிட்டேன். சந்தோஷமாகத்தான் வாங்கிக்கொண்டு போனான். அரை மணி நேரத்தில் திரும்பி வந்து, "மேடம், டி டிரைவ் எங்க மேடம்?" என்றான். இறந்துபோன அவன் அப்பாவின் போட்டோக்கள் அதில்தான் இருந்தன, வேறெங்கும் இல்லை. நான் கேட்கவே இல்லை, தம்பி. உள்ளே என்ன இருக்கிறது என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். அன்றைக்கு ராத்திரி உட்கார்ந்துதான் போட்டோரெக் பழகினேன், டெஸ்ட்டிஸ்க்கோடு சேர்ந்தே வரும், ஃபைல் துண்டுகளைத் தேடி எடுக்கும், ஆனால் பெயரும் ஃபோல்டரும் வராது. நாற்பது படம் போல மீண்டது. மற்றதன்மேல் நான் போட்ட விண்டோஸ் எழுதிவிட்டிருந்தது. நாற்பதையும் ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்துவிட்டு அந்தப் பையன் எனக்கு நன்றி சொன்னான். அதை இன்றைக்கு நினைத்தாலும் தொண்டை அடைக்கிறது.

சரி, இப்போது வேலைக்கு வா. உன் ரூம்மேட் லேப்டாப்பில் உபுண்டு லைவ் யூஎஸ்பி ஒன்று தயார் செய், இன்ஸ்டால் செய்யாமலே அதிலிருந்து உபுண்டு ஓடும். பதிவுகள் மொத்தம் எவ்வளவு, 60 ஜிபி இருக்குமா? அதற்கு இரண்டு மடங்கு கொள்ளும் ஒரு வெளி டிஸ்க்கை யாரிடமாவது கேட்டு வாங்கு, காசு வேண்டுமென்றால் அப்பா அனுப்புவார். உன் மெஷினை லைவ் யூஎஸ்பியில் பூட் செய்து "ட்ரை" என்பதை மட்டும் அழுத்து. கமாண்டுகளை எழுத்துப் பிழை இல்லாமல் வாட்ஸ்அப்பில் தனியாக அனுப்புகிறேன், இங்கே என்ன, ஏன் என்று மட்டும் சொல்கிறேன்.

முதலில் டிஸ்க்கின் உடம்பைப் பார்க்க வேண்டும், டிஸ்க் தன் நலத்தைப் பற்றித் தானே வைத்திருக்கிற ஸ்மார்ட் ரிப்போர்ட்டில் பெண்டிங் செக்டர், அதாவது படிக்கத் திணறுகிற செக்டர்களின் எண்ணிக்கை, பூஜ்யமாக இருக்க வேண்டும். பூஜ்யம் இல்லையென்றாலோ டிஸ்க்கிலிருந்து டிக் டிக் சத்தம் வந்தாலோ அங்கேயே நிறுத்திவிட்டு என்னைக் கூப்பிடு, அப்போது முழு டிஸ்க்கையும் வேறொன்றுக்கு நகல் எடுத்த பிறகுதான் மற்ற வேலை. பூஜ்யம் என்றால் இப்போது இருக்கிற டேபிளை ஒரு டெக்ஸ்ட் ஃபைலாக வெளி டிஸ்க்கில் எடுத்து வைத்துக்கொள். நாம் ஏதாவது தப்பு செய்தாலும் இந்த நிலைமைக்காவது திரும்பி வரலாம்.

அப்புறம் டெஸ்ட்டிஸ்க். டேபிள் வகை இஎஃப்ஐ ஜிபிடி என்று அதுவே கண்டுபிடிக்கும், என்டர் தட்டு. அனலைஸ், க்விக் செர்ச். பொறுமையாக இரு. லினக்ஸ் என்று ஒரு வரி வரும், அதில் போய் பி எழுத்தை அழுத்து. ஃபோல்டர்கள் வரிசையாக விரியும், ஹோம், அதற்குள் உன் பெயர், அதற்குள் நீ வைத்த ஃபோல்டர்கள். அதைப் பார்த்த உடனே எனக்கு ஒரு மெசேஜ் போடு, எத்தனை மணியானாலும் சரி. பார்த்துவிட்டோமே என்று அடுத்ததுக்கு ஓடாதே. அங்கேயே சின்ன சி அழுத்தினால் ஃபோல்டரை வெளி டிஸ்க்குக்கு காப்பி எடுக்கலாம். பதிவுகள் முழுக்க காப்பி ஆகி, அதில் நாலைந்தைக் காதால் கேட்டுப் பார்த்த பிறகுதான் பழுது பார்ப்பது.

பழுது பார்க்கும்போது டெஸ்ட்டிஸ்க்கில் "ரைட்" கொடுக்காதே. எல்லாரும் அதைத்தான் கொடுக்கச் சொல்வார்கள், நான் வேண்டாம் என்கிறேன். அது தான் கண்டுபிடித்ததை மட்டும் வைத்து டேபிளை எழுதும். விண்டோஸ் 16 எம்பிக்கு எம்எஸ்ஆர் என்று தனக்கென ஒரு சின்னப் பார்ட்டிஷன் வைத்திருக்கும், அதற்குள் ஃபைல் சிஸ்டமே கிடையாது, டெஸ்ட்டிஸ்க் கண்ணில் படாமல் போகலாம். நாம் ஒன்றைச் சேர்க்கப் போய் இன்னொன்றை இழக்க வேண்டாம். அதற்குப் பதிலாக லினக்ஸ் வரியில் தொடக்க செக்டர், முடிவு செக்டர் என்று இரண்டு எண் இருக்கும், அதை நோட்டில் பேனாவால் எழுது. தொடக்க எண்ணை 2048-ஆல் வகுத்துப் பார், மீதி வராது. வந்தால் நீ தப்பாக எழுதியிருக்கிறாய், அல்லது அது வேறு ஏதோ பழைய பார்ட்டிஷனின் மிச்சம்.

அந்த இரண்டு எண்ணை வைத்து, பார்ட்டிஷன் டேபிளைத் திருத்துகிற எஃப்டிஸ்க் என்கிற புரோகிராமில் ஒரே ஒரு புதுப் பார்ட்டிஷன் சேர்க்கிறோம், மற்றது எதையும் தொடுவதில்லை. சேர்த்த உடனே எஃப்டிஸ்க் ஒரு கேள்வி கேட்கும்: இங்கே எக்ஸ்ட்4 சிக்னேச்சர் இருக்கிறது, நீக்கிவிடட்டுமா, எஸ்ஸா நோவா? நோ. கண்டிப்பாக நோ. அந்தக் கேள்வி வந்தாலே நம் எண் சரி என்று அர்த்தம், பயிர் இருக்கிற வயலில் சரியாக வந்து நிற்கிறோம். அங்கே எஸ் சொல்லிவிட்டு டபிள்யூ அழுத்தினால் சூப்பர் பிளாக்கின் அடையாளத்தையே துடைத்துவிடும். நோ சொல்லி, டபிள்யூ அழுத்தி, அப்புறம் அந்தப் பார்ட்டிஷனை ரீட் ஒன்லியாக, அதாவது எதுவும் எழுதாமல் படிக்க மட்டும், மவுண்ட் செய்து திறந்து பார்.

அதற்குப் பிறகு க்ரப்பை மறுபடி போட வேண்டிய அவசியமே இருக்காது. க்ரப் தேடியது யூயூஐடியைத்தானே, அது சூப்பர் பிளாக்கில் இருக்கிறது, மாறவே இல்லை. போட்டோவில் இருக்கிற எண்ணோடு ஒப்பிட்டுப் பார், ஒன்றாக இருக்கும். ரீஸ்டார்ட் செய்தால் பழைய மெனு வரும்.

விண்டோஸ் எப்போதாவது பிட்லாக்கர் ரெகவரி கீ, அதாவது அது டிரைவைப் பூட்டி வைக்கிற பூட்டுக்கான சாவி எண், கேட்டால் பயப்படாதே, 48 இலக்கம், உன் மைக்ரோசாஃப்ட் அக்கவுண்டில் இருக்கும், போனிலேயே பார்க்கலாம், இப்போதே எடுத்து எழுதி வை. சி டிரைவுக்கு இடம் பண்ணுவதை அப்புறம் பார்க்கலாம், அதற்கு வேறு வழி இருக்கிறது, பதிவுகள் இரண்டு இடத்தில் நகலாகிற வரைக்கும் அந்தப் பேச்சே வேண்டாம்.

நாளைக்கு ராத்திரி எட்டு மணிக்கு நான் சாப்பிட்டு முடித்து உட்கார்ந்திருப்பேன். காப்பி எடுக்கிற வரைக்கும் நீயே செய்துவிடு, உனக்கு வரும். எஃப்டிஸ்க்கைத் திறப்பதற்கு முன் வீடியோ கால் போடு. அந்த இரண்டு எண்ணையும் ஒவ்வொரு இலக்கமாகப் படித்துக் காட்டு, நானும் இங்கே எழுதிக்கொள்கிறேன்.

அம்மா