மாப்ள, நம்ம நாகேஷ் படம் இன்னைக்கு வெளிய வருது

மாப்ள,

ஜனவரி 31. நாகேஷ் சார் 2009ல போன நாள். இந்த தேதியிலதான் விடணும்னு சொன்னது நீ, அதனால நம்ம கார்ட்டூனை இன்னைக்கே யூடியூப்ல போட்டுட்டேன். உன்கிட்ட கேக்கல. கேட்டிருந்தா வேணாம்னு சொல்லிருப்ப, நீ சொன்னப்புறம் எனக்கு கை வந்திருக்காது. மன்னிச்சுக்கோ, ஆனா இத்தனை ட்ராயிங்கையும் ஹார்ட் டிஸ்க்ல பூட்டி வச்சுக்கிட்டு நான் என்னதான் பண்றது சொல்லு.

'திருவிளையாடல்' தருமி புலம்பல், 'தில்லானா மோகனாம்பாள்' வைத்தி நடை எல்லாம் நீ பாத்ததுதான். நீ பாக்காதது பொணம் சீன்.

'மகளிர் மட்டும்'ல (1994) பொணமா நடிச்சே தியேட்டரை சிரிக்க வச்சாரே, அதை வரையணும்னு உக்காந்தப்பதான் எவ்ளோ கஷ்டம்னு உறைச்சுது. வரைஞ்சதை அப்படியே நிறுத்தினா அது பொணமா தெரியாது, வீடியோ ஸ்டக் ஆன மாதிரி இருக்கும். தலை ஒரு பக்கம் சாயணும், கை ரெண்டு பிரேம் கழிச்சு வரணும், விரல் அதுக்கும் அப்புறம். அதுக்காகத்தான் அன்னைக்கு மொட்டை மாடியில நீயே பொணமான. நாங்க ரெண்டு பேரு அக்குள்ல கை குடுத்து உன்ன இழுக்கறோம், குதிகால் தரையில தேயுது, ஒரு செருப்பு கழண்டு பின்னாடியே நின்னுடுச்சு, நீ மூச்சு கூட விடல. அப்ப உன் பாக்கெட்ல போன் அடிச்சுது. நான் கட் சொல்லல, நீயும் அசையல. முழுசா அடிச்சு ஓஞ்சு மறுபடியும் அடிச்சுது.

யாரு கூப்பிட்டாங்கன்னு இங்க எழுத மாட்டேன். நம்ம பசங்க, உன் வீட்டு ஆளுங்க எல்லாரும் படிப்பாங்க.

அந்த ஷாட்டைத்தான் வரைஞ்சேன், செகண்டுக்கு 12 ட்ராயிங். கழண்ட செருப்பும் இருக்கு. மூஞ்சி நாகேஷ், உடம்பு முழுக்க நீ. உன் கழுத்து சாயறப்போ ஒரு சின்ன இழுப்பு இருக்கும்ல, அதை வரையறப்போ நீ பக்கத்துல உக்காந்திருக்க மாதிரியே இருந்துச்சுடா.

ஆனா போனை எடுக்காதது நீ. அதை என் தலையில கட்டிட்டு நீ பாட்டுக்கு கெளம்பிட்ட. நான் எத்தனை நாள் தூங்கலன்னு உனக்கு என்ன தெரியும்?

இன்னொண்ணும் சொல்லிடறேன். காசு தர்றேன்னு வந்தவங்க அம்மைத் தழும்பை எடுத்துடுங்க, கேரக்டர் கிளீனா இருக்கும்னு சொன்னப்ப நீயும் தலையாட்டின பாரு, அது இன்னும் எனக்கு ஜீரணிக்கல. தாராபுரத்துக்காரர், ரயில்வேல குமாஸ்தா வேலை பாத்தவர், அந்த மூஞ்சியோடதான்டா 1964லயே 'சர்வர் சுந்தரம்'ல கதாநாயகனா நின்னார். அதை அழிச்சுட்டு யாருக்கு அஞ்சலி பண்றோம்? அந்தக் காசை வேணாம்னு சொன்னதுல உனக்குத்தான் நஷ்டம் ஜாஸ்தி, தெரியும், அதை தனியா பேசிக்கலாம், இங்க வேணாம். ஒவ்வொரு தழும்பையும் கையாலயே வச்சேன், தலை திரும்பறப்போ அதுவும் கன்னத்தோட சேந்து திரும்பணும், அதனாலதான் இவ்ளோ லேட்டு.

டைட்டில்ல உன் பேரு மேல, என் பேரு கீழ. யாரு சொன்னாலும் எடுக்க மாட்டேன். பாத்துட்டு பிடிக்கலன்னா நேரா வந்து திட்டு, பசங்ககிட்ட சொல்லி அனுப்பாத.