அடுத்த செக் படவிழாவை யெஜெக்கிடமிருந்து தொடங்குங்கள்

திரைப்படச் சங்கங்களை நடத்தும் நண்பர்களுக்கு,

வணக்கம். செக் நாட்டுப் படவிழா என்றாலே அறுபதுகளில் இளம் இயக்குநர்கள் கிளப்பிய புதிய அலையில்தான் ஆரம்பிக்கிறீர்கள். அந்தப் படங்கள் எனக்கும் பிடித்தவைதான். ஆனால் அதற்கு முப்பது வருடம் முன்பே தலைநகர் பிராகில் பேசும்படம் பாட்டும் கிண்டலுமாக அமர்க்களப்பட்டது. அடுத்த முறை ஒரு மாலையை அதற்கு ஒதுக்கி, யாரோஸ்லாவ் யெஜெக் இசையமைத்த படங்களில் இரண்டையாவது போடுங்கள்.

தேடி அலைய வேண்டியதில்லை. 'பவுடரும் பெட்ரோலும்' (1931), 'பணமா உயிரா' (1932), 'ஹே ருப்' (1934), 'உலகம் நமதே' (1937) என்று முக்கியமானவை நான்குதான். நான்கிலும் வோஸ்கோவெட்ஸ், வெரிக் என்ற நகைச்சுவை இரட்டையர் நடித்தார்கள். பிராகின் 'விடுதலை அரங்கம்' என்ற நாடக அரங்கு இவர்களுடைய கோட்டை. இவர்கள் பாட்டெழுத, 1928 முதல் மெட்டுப்போட்டு வாத்தியக் குழுவையும் நடத்தியவர் யெஜெக். படத்தில் பேச்சு வந்ததும் அந்தக் கூட்டணி அப்படியே திரைக்கு வந்துவிட்டது.

'ஹே ருப்' படத்தைக் கட்டாயம் சேருங்கள். திவாலான முதலாளி ஒருவர் வேலையில்லாதவர்களோடு சேர்ந்து கூட்டுறவு முறையில் பால் தொழிற்சாலை ஆரம்பிக்கும் கதை. உலகமே பொருளாதார மந்தத்தில் கிடந்த காலம். ஆனாலும் யெஜெக்கின் இசை அழுது வடியாது. கூட்டத்தையே கைகோத்து நடக்க வைக்கும்.

இன்னொன்று. துண்டுப் பிரசுரத்தில் 'பார்வையற்ற மேதை' என்று தலைப்புப் போட்டுவிடாதீர்கள். சிறு வயதிலிருந்தே அவருக்குக் கண் மிக மங்கல், காதிலும் கோளாறு, உண்மைதான். ஆனால் பிராக் இசைக் கல்லூரியில் முறையாகப் படித்து, இசையமைப்பாளர் யோசெஃப் சுக்கிடம் பயின்றவர். பியானோ கன்செர்ட்டோ என்ற செவ்வியல் இசையும் எழுதினார், ஃபாக்ஸ்டிராட் என்ற நடன இசையும் எழுதினார். இதை உயர்வு, அதை மட்டம் என்று பிரித்துப் பார்க்கவில்லை. என்னைக் கேட்டால் அவரைப் பற்றிச் சொல்ல வேண்டியது அதுதான். அவர் வேலை செய்த அறை பிராகின் கப்ரோவா தெருவில் இன்றும் இருக்கிறது. சுவர் முழுக்க நீலம், ஒரு பியானோ, உலோகக் குழாயில் செய்த நாற்காலிகள். வடிவமைத்தவர் விடுதலை அரங்கின் மேடை வடிவமைப்பாளர் ஃபிரான்டிஷெக் ஸெலென்கா. அந்த அறையின் புகைப்படம் ஒன்று போதும் பிரசுரத்துக்கு.

விடுதலை அரங்கம் மேடையில் பாசிசத்தைக் கேலி செய்தது. அதற்கு விலை இருந்தது. 1938 இறுதியில் அரங்கம் மூடப்பட்டது. 1939 ஜனவரியில் மூவரும் அமெரிக்கா போனார்கள். நியூயார்க்கில் பியானோ கற்றுக்கொடுத்தும் ஒரு பாடகர் குழுவை நடத்தியும் காலம் தள்ளிய யெஜெக், சிறுநீரக நோயால் 1942 ஜனவரி 1 அன்று இறந்தார். வயது 35. அவருடைய அஸ்தி 1947இல் பிராகுக்கு வந்தது.

சரி, நடைமுறைக்கு வருவோம். படத்துக்கு முன் அவருடைய 'புகாட்டி ஸ்டெப்' இசைத்துண்டை ஒலிக்க விடுங்கள். சில நிமிடம்தான், அரங்கமே நிமிர்ந்து உட்காரும். அப்புறம், பிரதி வாங்கும்போதே பாடல்களுக்கும் சப்டைட்டில் இருக்கிறதா என்று பாருங்கள். வசனத்துக்கு மட்டும் போட்டு, பாட்டு வரும்போது திரையைக் காலியாக விடும் பிரதிகள் உண்டு. இவர்களுடைய கிண்டலில் பாதி பாட்டில்தான் இருக்கிறது.

அன்புடன்,
ஒரு ரசிகன்