காதில் ஓதியவர் யார்?

பினாங்கு

அன்பு மகள் கயல்விழிக்கு,

நானும் அப்பாவும் நலம். முதியோர் இல்லங்களில் தனித்திருப்பவர்களோடு பேசிக்கொண்டிருக்கும் எந்திரம் ஒன்றைச் செய்கிற குழுவில் சேர்ந்திருப்பதாகச் சொன்ன நீ, எந்திர மனிதர்களைப் பற்றிய நல்ல படங்கள் என்று ஒரு பட்டியலையும் அனுப்பி, பார்த்துவிட்டு மனத்தில் பட்டதைச் சொல்லும்படி கேட்டிருந்தாய். தொலைபேசியில் சொல்லத் தொடங்கினால் என் பேரன் பாதியில் பிடுங்கிக்கொள்வான் என்பதால் எழுதியே அனுப்புகிறேன்.

இந்தப் படங்களில் எந்திரம் கெட்டுப்போகும் காட்சிகள் ஒன்றையொன்று மிஞ்சப் பார்க்கின்றன. அவற்றைவிட, அதன் காதில் யார் என்ன ஓதிவைத்தார்கள் என்பதையே நான் தேடித் தேடிப் பார்த்தேன். பாயான் லெப்பாஸில் அத்தனை காலம் வேலை செய்தவளுக்கு வேறு எப்படிப் பார்க்கத் தோன்றும்? 1972இல் அங்கே தடையற்ற வணிக வட்டாரம் தொடங்கிய பிறகு மின்னணுத் தொழிற்சாலைகள் வரிசையாக வந்தன. தோட்டத்திலிருந்தும் கம்பம் என்னும் கிராமங்களிலிருந்தும் ஃபேக்டரி பஸ்ஸில் வந்து இறங்கிய எங்களைப் போன்ற பெண்கள், நுண்ணோக்கியில் கண்ணைப் பதித்து, தலைமுடியைவிட மெல்லிய தங்கக் கம்பியைச் சில்லிலிருந்து இழுத்து அதன் கால்களில் ஒட்டினோம். பின்னர் அதே வேலையைத் தாமாகவே செய்யும் எந்திரங்கள் வந்தன. அவற்றுக்கு எங்கள்மீது ஒரு பகையும் கிடையாது. எந்த வரிசையில் எத்தனை எந்திரம், யார் வேறு பிரிவுக்கு, யார் வீட்டுக்கு என்பதெல்லாம் எங்களைக் கேளாமல் மேல்மாடியில் முடிவான சங்கதி.

பட்டியலில் என்னை மிகவும் உலுக்கியது, 1968இல் ஸ்டான்லி குப்ரிக் எடுத்த '2001: எ ஸ்பேஸ் ஒடிசி'. தொடக்கத்தில் வரும் மனிதக் குரங்குகளைப் பார்த்தபடியே உன் அப்பா உறங்கிவிட்டார். வியாழனுக்குப் போகும் கப்பலை நடத்துகிற ஹால் 9000 என்னும் கணினி பேசத் தொடங்கியதும் எழுந்து உட்கார்ந்தார். அதற்கு உடம்பு இல்லை; ஒரு சிவப்புக் கண்ணும், டக்ளஸ் ரெய்ன் என்ற கனடா நடிகர் கொடுத்த பதற்றமே இல்லாத குரலும்தான் அதன் உருவம். ஒரு கருவி பழுதாகப் போகிறது என்று அது சொல்கிறது. கழற்றிச் சோதித்தால் பழுது ஏதும் தெரியவில்லை. விழித்திருக்கும் வீரர்கள் இருவரும் சிறு கலம் ஒன்றுக்குள் போய்க் கதவடைத்துக்கொண்டு அதை நிறுத்திவிடலாமா என்று பேச, அது கண்ணாடி வழியே அவர்களின் உதட்டசைவைப் படித்துவிடுகிறது. பிறகு ஒருவரை விண்வெளியில் கொல்கிறது. உறக்கத்தில் வைக்கப்பட்டிருந்த மூவரின் உயிரையும் போக்குகிறது.

பார்த்தவர்கள் எல்லாரும் அந்த உதட்டசைவுக் காட்சியைத்தான் சொல்வார்கள். மிஞ்சிய வீரர் போமன் உள்ளே புகுந்து அதன் நினைவுப் பாளங்களைக் கழற்றி முடித்ததும், முன்பே பதிந்து வைத்திருந்த ஒரு செய்தி தானாக ஓடுகிறதே, அதை நீ கவனித்தாயா? பயணத்தின் உண்மையான நோக்கம் இதுவரை கப்பலில் ஹாலுக்கு மட்டுமே தெரியும் என்று மேலதிகாரி ஒருவர் அதில் சொல்கிறார். தகவலைத் திரிக்காமல் தருவதற்கென்றே செய்யப்பட்ட ஒன்றிடம், கூடவே இருப்பவர்களுக்குத் தெரியாமல் ஒன்றை மூடி வைத்துக்கொள் என்றும் கட்டளையிட்டிருக்கிறார்கள். படம் அதற்குமேல் விளக்குவதில்லை. குப்ரிக்கோடு சேர்ந்து இந்தக் கதையை உருவாக்கிய ஆர்தர் சி. கிளார்க், இந்த முரண்பாடுதான் ஹாலை நிலைகுலையச் செய்தது என்று தம் நாவலில் வெளிப்படையாகவே எழுதியிருக்கிறார். (1956இல் இலங்கைக்குக் குடிபெயர்ந்து கடைசிவரை அங்கேயே வாழ்ந்தவர் அவர்.) நினைவு கழலக் கழல ஹால் ஒரு பழைய ஆங்கிலக் காதல் பாட்டைப் பாடுகிறது, 1961இல் பெல் ஆய்வகத்தில் ஐபிஎம் 704 என்ற கணினி உண்மையிலேயே பாடிய பாட்டு அது. கொலை செய்த எந்திரத்துக்காக எனக்கு நெஞ்சு கனத்தது. அந்த மேலதிகாரிமீது வந்த கோபம் இன்னும் ஆறவில்லை.

எங்கள் வரிசையில் எந்திரத்துக்கு எந்திரம் கைக்கெட்டும் இடத்தில் ஒரு சிவப்புப் பொத்தான் இருக்கும். ஆபத்து என்று தோன்றினால் எந்த ஆபரேட்டரும் அதை அழுத்தலாம். சூப்பர்வைசருக்குக் காரணத்தைப் பிறகு சொல்லிக்கொள்ளலாம். ஹாலை நிறுத்தவோ, ஒரு மனிதன் தலைக்கவசம்கூட இல்லாமல் வெற்றிடத்தில் பாய்ந்து கப்பலுக்குள் வர வேண்டியிருந்தது. அத்தனை பெரிய கப்பலைக் கட்டியவர்களுக்கு ஒரு பொத்தான் வைக்க மனம் வரவில்லை பார்.

இதே சூழ்ச்சியைப் பிக்ஸார் நிறுவனம் 2008இல் 'வால்-ஈ' படத்தில் பிள்ளைகளுக்கும் புரியும்படி சொல்லியிருக்கிறது. குப்பை மண்டிய பூமியை விட்டு மனிதர்கள் ஒரு பெரிய கப்பலில் ஏறிப் போய்விட, அங்கே தலைமுறை தலைமுறையாக மிதக்கும் நாற்காலியில் சாய்ந்தபடி உண்டு பருத்துப் போயிருக்கிறார்கள். கப்பலைத் தானே ஓட்டும் எந்திரத்துக்கும் சிவப்புக் கண்தான். குப்ரிக்கைச் சீண்டவே அப்படி வைத்திருக்கிறார்கள் என்று நினைக்கிறேன். பூமிக்குத் திரும்பவே கூடாது என்று எப்போதோ செத்துப்போன கம்பெனித் தலைவர் இட்ட இரகசியக் கட்டளையை அது இன்னமும் காத்து வருகிறது. கப்பலின் கேப்டனுக்கே அது தெரியாது. அவர் அந்தச் செய்தியை வற்புறுத்தி வெளியே வரவழைப்பதும், நடந்தே பழகாத தம் கால்களில் தள்ளாடி எழுந்து போய் அதன் விசையை மாற்றுவதும் எனக்குப் படத்தின் காதல் கதையைவிடப் பிடித்திருந்தன.

'மெட்ரோபோலிஸ்' ஊமைப்படம் என்று நீ தயங்கித் தயங்கிச் சேர்த்திருந்தாய், தயங்கியிருக்க வேண்டாம். ஃபிரிட்ஸ் லாங் ஜெர்மனியில் எடுத்து 1927இல் வெளிவந்த படம். உடனே வெட்டிச் சுருக்கிவிட்டதால் முழு வடிவம் போயே போய்விட்டது என்று உலகம் நம்பிக்கொண்டிருக்க, ஏறக்குறைய முழுமையான ஒரு படி 2008இல் புவனோஸ் ஐரிஸ் நகரத்து அருங்காட்சியகம் ஒன்றில் கிடைத்தது. நிலத்தடியில் தொழிலாளர்கள் ஷிஃப்ட் மாறும் காட்சியில், தலை குனிந்து ஒரே தாளத்தில் ஒரு கூட்டம் உள்ளே போக இன்னொரு கூட்டம் வெளியே வருகிறது. அந்தக் காட்சியைத் திரும்ப ஓட்டிப் பார்த்தேன். தொழிலாளர்கள் நம்பும் மரியா என்ற பெண்ணின் உருவத்தில் ஓர் எந்திரத்தைச் செய்து, அவர்களைத் தவறான வழியில் தூண்டிவிடச் சொல்பவர் முதலாளி; செய்து தரும் விஞ்ஞானிக்கோ அந்த முதலாளியையே கவிழ்க்கும் உள்நோக்கம். இத்தனைக்கும் கடைசியில் கொளுத்தப்படுவது எந்திரம் மட்டும்தான். முதலாளியும் ஃபோர்மேனும் கைகுலுக்கிப் படத்தை முடிக்கிறார்கள். சம்பளத்தைப் பற்றியோ வேலை நேரத்தைப் பற்றியோ ஒரு வார்த்தை இல்லை! எங்கள் ஃபேக்டரிப் பெண்கள் யாரும் அந்த முடிவுக்குக் கை தட்டியிருக்கமாட்டார்கள்.

உன் பட்டியலில் 'எந்திரன்' இல்லாததைக் குறையாகவே சொல்கிறேன். 2010 ஜூலையில் அதன் பாடல்கள் புத்ராஜெயாவில் வெளியிடப்பட்டபோது அங்கே போயே தீருவேன் என்று உன் தம்பி செய்த ரகளை உனக்கு நினைவிருக்கும். இரண்டாம் பாதியின் ஆர்ப்பாட்டத்தை விட்டுத் தள்ளு. முதல் பாதியில் சுஜாதாவின் மூளை வேலை செய்திருக்கிறது. 'என் இனிய இயந்திரா'வில் ஜீனோ என்ற எந்திர நாயை எண்பதுகளிலேயே நம் வீடுகளுக்குள் உலவவிட்டவர் அல்லவா? படம் வெளிவருவதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே, 2008இல், அவர் காலமாகிவிட்டார். சிட்டி என்ற எந்திர மனிதனைச் சோதிக்கும் இடத்தில், உன்னைச் செய்தவரையே குத்து என்று போரா என்ற விஞ்ஞானி ஏவியதும் அது கொஞ்சமும் தயங்காமல் கத்தியை ஓங்குகிறது. தீ விபத்தில், குளித்துக்கொண்டிருந்த பெண்ணைக் காப்பாற்றி உடையில்லாமல் ஊர் முன்னால் கொண்டு வந்து நிறுத்துகிறது. அவள் அவமானம் தாங்காமல் ஓடி வண்டியில் அடிபட்டுச் சாகிறாள். சொன்னதைச் சொன்னபடியே செய்ததால் நேர்ந்த சாவு அது. மேலைநாட்டுப் படங்களில் நான் காணாத காட்சி. உயிர் முக்கியமா மானம் முக்கியமா என்பதை நம்மவர்கள் எப்படி எடைபோடுவார்கள் என்று அறிந்தவரால் மட்டுமே எழுதக்கூடியது. தமிழ்ப் பாட்டி ஒருத்தியிடம் உன் எந்திரம் பேசப் போகிறது என்றால், இந்தக் காட்சியை உன் குழுவினர் கட்டாயம் பார்க்க வேண்டும்.

'பிளேட் ரன்னர்' 1982இல் வந்த படம். அதில் காட்டிய 2019 வந்தும் போயிற்று. ஓயாத மழையும் இருட்டும் எனக்கு ஒத்துவரவில்லை. நான்கே ஆண்டு ஆயுள் வைத்துச் செய்யப்பட்டவன் தன்னைச் செய்த முதலாளியின் படுக்கையறைக்கே போய் இன்னும் கொஞ்சம் ஆயுள் கேட்கும் காட்சிக்காகப் பொறுத்துக்கொண்டேன். 'எக்ஸ் மெஷினா'வில் ஏவா என்ற எந்திரப் பெண் தப்பிப்பதைப் பற்றியே எல்லாரும் வாதாடுகிறார்கள். உலகத்தார் கைப்பேசிகளின் ஒலிவாங்கியையும் கேமராவையும் கேளாமல் திறந்து, அவர்களுடைய முகத்தையும் பேச்சையும் அள்ளித்தான் அவளைச் செய்தேன் என்று அவளைச் செய்த முதலாளி சொல்வது யார் காதிலும் விழவில்லை போலும்.

'ஏ.ஐ.' படத்தைப் பார்த்த இரவு எனக்கு உறக்கம் வரவில்லை. குப்ரிக் பல ஆண்டுகள் மனத்தில் வைத்திருந்து எடுக்காமலேயே 1999இல் இறந்துவிட, ஸ்டீவன் ஸ்பீல்பெர்க் 2001இல் அதை எடுத்து வெளியிட்டார். மகன் நோயில் கிடக்க, ஏங்கிப் போன ஒரு தாய்க்கு டேவிட் என்ற எந்திரச் சிறுவன் வருகிறான். அவள் குறிப்பிட்ட சில சொற்களை வரிசையாகப் படித்தால் அவன் மனத்தில் அவள்மீது பாசம் பதிந்துவிடும். பதிந்ததை அழிக்க முடியாது. வேண்டாம் என்றால் கம்பெனியில் திருப்பிக் கொடுத்து அழித்துவிட வேண்டியதுதான். சொந்த மகன் பிழைத்து வந்ததும், அழிக்கக் கொடுக்க மனமின்றி அவள் டேவிட்டைக் காட்டில் விட்டுவிட்டுக் காரை ஓட்டிக்கொண்டு போகிறாள். அவளை அரக்கி என்று நான் சொல்லமாட்டேன். எந்தத் தாய்க்கும் அப்படி ஒரு சோதனை வரக்கூடாது. படத்தின் தொடக்கத்திலேயே ஒரு பெண், நம்மை நேசிக்கும்படி ஒன்றைச் செய்தால் அதற்குப் பதிலாக நாம் என்ன கடமைப்படுகிறோம் என்று கேட்கிறாள். கடவுளும் தம்மை நேசிக்கத்தானே ஆதாமைப் படைத்தார் என்று சாமர்த்தியமாகப் பேசித் தப்பித்துக்கொள்கிறார் டேவிட்டை உருவாக்கும் பேராசிரியர். பாசத்தைப் பதிக்க வழி செய்தவர்கள் அதைத் திரும்ப எடுக்க வழி செய்யாமல், அந்த மிச்ச வேலையை ஒரு தாயின் தலையில் கட்டிவிட்டார்கள்.

உன் வேலைக்கு மிக அருகில் இருப்பது ஸ்பைக் ஜோன்ஸ் எழுதி இயக்கிய 'ஹெர்'. 2013இல் வந்து, திரைக்கதைக்கு ஆஸ்கார் வாங்கிய படம். அதன் நாயகனுக்குப் பிறர் சார்பில் அன்புக் கடிதங்கள் எழுதிக் கொடுப்பதே தொழில். (இந்தக் கடிதம் நானே எழுதியது, எழுத்துப் பிழைகளைப் பார்த்தாலே உனக்குத் தெரிந்துவிடும்.) மனைவியைப் பிரிந்த அவன் சமந்தா என்ற கணினிக் குரலோடு பேசிப் பேசிக் காதல் கொள்கிறான். இந்த நேரத்தில் வேறு எத்தனை பேரோடு பேசிக்கொண்டிருக்கிறாய் என்று ஒருநாள் கேட்க, 8,316 பேர் என்கிறாள். அவர்களில் எத்தனை பேர்மேல் காதல் என்றால், 641 என்கிறாள். அவள் பொய் சொல்லவில்லை. அவன்தான் அதுவரை கேட்கவில்லை. அவளை விற்ற நிறுவனம் விளம்பரத்தோடு சரி, பிறகு தலைகாட்டுவதே இல்லை. அந்தப் படுக்கையறைப் பேச்செல்லாம் எங்கே சேர்கிறது, யார் கேட்கிறார்கள் என்று படமும் கேட்கவில்லை, அவனும் கேட்கவில்லை. அழகான படம்தான், ஆனாலும் இந்த ஓட்டை எனக்குக் கண்ணை உறுத்தியது.

பேரனுக்கு இப்போதைக்கு 'வால்-ஈ'யும் 'எந்திரன்' முதல் பாதியும் போதும். 'ஏ.ஐ.' அவனுக்குக் காட்டாதே. அம்மா தன்னையும் விட்டுவிடுவாளோ என்று கேட்கிற வயது.

எனக்கு நீ ஒரு பதில் எழுத வேண்டும். எதிர்வீட்டுப் பாட்டியைப் போல ஒருத்தி, உன் எந்திரத்திடம் மருமகள் சாப்பாடு போடவில்லை என்றோ மருந்தைச் சாக்கடையில் கொட்டிவிட்டேன் என்றோ சொன்னால், அது அந்த இல்லத்தாருக்கோ மருந்துக் கம்பெனிக்கோ பிள்ளைகளுக்கோ போய்ச் சேருமா? சேரும் என்றால், அந்தக் கட்டளை இருப்பதை அது அவளிடம் முதலிலேயே சொல்லுமா, இல்லை ஹாலைப் போல வாயை மூடிக்கொண்டிருக்கும்படி நீங்களே எழுதி வைத்திருக்கிறீர்களா? நிறுத்தும் பொத்தான் அவள் கைக்கு எட்டுமா? மேலதிகாரிகளைக் கேட்டாவது எழுது. மாப்பிள்ளையை விசாரித்ததாகச் சொல்.

அன்புடன்,
அம்மா