காசோலையில் யார் கையெழுத்து? பஞ்சாபிப் படம் எடுக்கப் போகும் தங்கைக்கு

அன்புள்ள தங்கைக்கு,

மொஹாலியில் உதவி இயக்குநராக ஓடி ஓடிக் கால் தேய்ந்தது போதும், கையில் ஒரு கதை இருக்கிறது, இனி சொந்தப் படம் என்று முடிவெடுத்துவிட்டாய். முதலில் இயக்குநராகக் கம்பெனி தேடுவதா, இல்லை நாமே கம்பெனி தொடங்குவதா என்பதுதான் உன் கேள்வி. கம்பெனியைத் தொடங்கு. ஏன் என்று சொல்லத்தான் இத்தனை நீளக் கடிதம்.

இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் கணக்கில் ஒரு திரைப்படத்தின் ‘ஆசிரியர்’ தயாரிப்பாளர்தான். இயக்குநரையும் கூடச் சேர்க்கலாம் என்று 2010 திருத்த மசோதாவில் ஒரு வரி இருந்தது. 2012-இல் அது சட்டமானபோது அந்த வரி இல்லை. நீ பனியிலும் வெயிலிலும் நின்று எடுத்த படத்தை எந்தத் தளத்துக்கு விற்பது, ஹிந்தியில் டப் செய்வதா, வேறு மொழியில் மறுபடி எடுக்கக் கொடுப்பதா, எல்லாம் படம் வெளியாகி 60 ஆண்டுகள் வரை தயாரிப்பாளர் கையில். இயக்குநருக்குச் சம்பளமும் டைட்டில் கார்டும், அவ்வளவுதான்.

பஞ்சாபி சினிமாவில் இயக்குநர் நாற்காலிக்கு வந்த பெண்களைப் பார், பணப்பெட்டி பக்கத்திலேயே இருந்திருக்கும். லாகூரில் 1951-இல் ‘சன் வே’ படத்தை இயக்கியவர் என்று திரையில் பெயர் போட்டுக்கொண்ட நூர்ஜஹானுக்குப் பின்னால் ஷாநூர் ஸ்டூடியோ இருந்தது. கணவர் ஷௌகத் ஹுசைன் ரிஸ்வியும் அவரும் சேர்ந்து நடத்தியது. பாகிஸ்தானின் முதல் பெண் இயக்குநர் அவர். உண்மையில் இயக்கியது கணவர்தான் என்ற பேச்சும் அன்றிலிருந்தே கூடவே வருகிறது. கதாநாயகியும் பாடகியுமாக இருந்த அவருக்கே அந்தப் பேச்சு என்றால், உனக்கு வராதா? அதனால்தான் காகிதம் முக்கியம். எல்லைக்கு இந்தப் பக்கம் நீரு பாஜ்வா. கனடாவில் பிறந்தவர், 2004-இல் பஞ்சாபிக்கு வந்தவர், 2012-இன் ‘ஜட் அண்ட் ஜூலியட்’டுக்குப் பிறகு உச்ச நடிகை. 2016-இல் ‘சன்னோ’வைத் தயாரித்துவிட்டுத்தான் 2017-இல் ‘சர்கீ’யை இயக்கினார். நாயகி தங்கை ருபீனா. முதலில் தயாரிப்பு, பிறகு இயக்கம். அந்த வரிசையைக் கவனி. சர்குன் மேத்தாவும் சின்னத்திரையிலிருந்து வந்து நாயகியாகி, கணவர் ரவி துபேயுடன் ட்ரீமியாத்தா என்ற கம்பெனி நடத்துகிறார். அவர்கள் தயாரித்த தொலைக்காட்சித் தொடர்களும் உண்டு. தொடரில் மாதாமாதம் பணம் வரும், படத்தில் வராது. புத்திசாலித்தனமான ஏற்பாடு.

மூவரும் நடிகைகள். ஆண்கள் பக்கம் பார்த்தால் தில்ஜித் தோசாஞ், கிப்பி கிரேவால், அம்ரிந்தர் கில், ஆமி விர்க், எல்லாருமே பாடகர்களாக இருந்து நாயகர்களானவர்கள். பாட்டு விற்கிறது, அதனால் முகம் விற்கிறது, அதனால் படம் விற்கிறது. உன்னிடம் குரலும் இல்லை, போஸ்டரில் போட முகமும் இல்லை. கதையும் கணக்கும் காகிதமும்தான் உன் மூலதனம். கதையை நீ பார்த்துக்கொள்வாய். மற்ற இரண்டையும் பற்றிச் சொல்கிறேன்.

இந்த ஒரு படத்துக்கென்று தனியாக ஒரு எல்.எல்.பி. (பொறுப்பு வரம்புள்ள கூட்டாண்மை) அல்லது பிரைவேட் லிமிடெட் கம்பெனி பதிவு செய். முந்தைய படத்தின் கடனோ வழக்கோ இருக்கும் கம்பெனிக்குள் புதுப் படத்தைக் கொண்டுபோய் வைத்தால், வெளியீட்டுக்கு இரண்டு நாள் முன்னால் யாராவது கடன்காரர் தடையுத்தரவோடு வந்து நிற்பார். அந்த வாரம் உன் கையில் எந்தப் பிடியும் இருக்காது, கேட்டதைக் கொடுத்துத்தான் ஆக வேண்டும்.

அடுத்தது கதை உரிமைப் பத்திரம். கதை உன்னுடையது, வசனம் வேறொருவர் எழுதுகிறார் என்றாலும் எழுத்துமூலம் வாங்கு. பதிப்புரிமைச் சட்டத்தின் 19-ஆம் பிரிவில் ஒரு கண்ணி இருக்கிறது. எத்தனை ஆண்டுக்கு என்று எழுதாவிட்டால் 5 ஆண்டுக்குத்தான் உரிமை. எந்த நிலப்பரப்புக்கு என்று எழுதாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும்தான். இதுவே பஞ்சாபிப் படத்துக்கு உயிர்போகும் விஷயம். கனடாவின் பிராம்ப்டன், சர்ரே, லண்டனின் சவுத்தால், ஆஸ்திரேலியாவின் மெல்போர்ன் என்று வசூலில் பெரும் பங்கு கடல் கடந்துதான் வரும். ‘உலகம் முழுவதும்’ என்ற இரண்டு சொல் விட்டுப்போனால் வெளிநாட்டு விநியோகஸ்தரின் வக்கீல் முதல் பக்கத்திலேயே பேனாவை வைத்துவிடுவார். இன்னொன்று, வாங்கிய உரிமையை ஓராண்டுக்குள் பயன்படுத்தாவிட்டால் அது காலாவதியாகும் என்பதும் அதே பிரிவில் இருக்கிறது. ‘இந்த விதி பொருந்தாது’ என்று பத்திரத்திலேயே எழுதிக்கொள். பணம் புரட்ட ஓராண்டு தாராளமாக ஆகும்.

பட்ஜெட்டில் பத்து சதவீதம் எதற்கும் ஒதுக்காமல் வை. எந்தத் தலைப்பின் கீழும் போடாதே. போட்டால் அந்தத் துறைக்காரர் அதைத் தன் பணம் என்று நினைத்துக்கொள்வார்.

இனி வயல். பஞ்சாபில் கால்ஷீட்டைத் தீர்மானிப்பவர் நாயகன் என்று நினைப்பார்கள். கோதுமைதான் தீர்மானிக்கிறது. மஞ்சள் கடுகுப் பூ வேண்டும் என்றால் ஜனவரி கடைசியிலிருந்து பிப்ரவரி நடு வரை. கோதுமை மார்ச் நடு வரை பச்சை, ஏப்ரல் நடுவில் வரும் பைசாகி அறுவடைத் திருநாள் சமயம் பொன்நிறம், ஏப்ரல் முடிவதற்குள் வெறும் தாள். ஜூனில் நாற்று நடவு. வயல் முழுக்கத் தண்ணீர், பார்க்க அழகு, கேமரா டிராலி போட இடமில்லை. அக்டோபர், நவம்பரில் தாள் எரிக்கும் புகை வானத்தைச் சாம்பலாக்கிவிடும். மார்ச்சில் எடுத்த காதல் காட்சிக்கு விட்டுப்போன ஷாட்டுகளை எடுக்க மே மாதம் பேட்ச் வேலை என்று போனால் அந்த வயல் இருக்காது. ஆகவே வயல் காட்சிகளை ஒரே ஷெட்யூலில் முடி. குளோசப்புகளையும் அங்கேயே எடுத்துவிடு. முடியாவிட்டால் அறுக்காமல் வைத்திருக்க ஒரு கீற்று நிலத்துக்கு விவசாயியிடம் விலை பேசி எழுதி வாங்கு. வாய்ப்பேச்சு உதவாது, அறுவடை எந்திரம் ஊருக்குள் வரும் நாளில் அவர் உனக்காகக் காத்திருக்க மாட்டார்.

டிசம்பர் கடைசியிலும் ஜனவரியிலும் மூடுபனி. பத்து, பதினொரு மணிவரை பக்கத்து மரம் தெரியாத நாட்கள் உண்டு. அந்த மாதத்தில் காலைக் காட்சிகளை வீட்டுக்குள் வை. குளிரில் நின்ற கேமராவை ஹீட்டர் போட்ட அறைக்குள் அப்படியே கொண்டுபோகாதே, லென்ஸ் வியர்த்துவிடும். பையில் மூடி எடுத்துப்போய், அறையின் சூட்டுக்கு வந்த பிறகு திற.

லைவ் சவுண்ட் என்று ஆசைப்படுகிறாய். நல்ல ஆசை. டியூப்வெல் மோட்டார்களையும், காலை மாலை குருத்வாரா ஒலிபெருக்கியையும் லொக்கேஷன் பார்க்கும்போதே நேரம் போட்டுக் குறித்துக்கொள். இன்னொரு ஆளையும் கட்டாயம் வை, வட்டார வழக்கைக் கவனிக்க ஒருவர். மாஜ்ஹி, மால்வாயி, தோஆபி, புவாதி எல்லாம் ஒன்றல்ல. ‘உங்களுடைய’ என்பதற்கு அமிர்தசரஸ் பக்கம் ‘துஹாடா’ என்பார்கள், பட்டிண்டா பக்கம் ‘தோடா’. ஒரே வீட்டு அண்ணனும் தங்கையும் இரண்டு விதமாகப் பேசினால் பட்டிண்டா பக்கத்து மான்சாவில் உட்கார்ந்திருப்பவர் உடனே கண்டுபிடிப்பார். சென்சாரில் ஒருவரும் கண்டுபிடிக்க மாட்டார்.

கதையில் எருமை இருக்கிறது, குதிரையும் இருக்கிறது. படப்பிடிப்புக்கு முன்பே விலங்கு நல வாரியத்திடம் அனுமதி வாங்க வேண்டும். வாரியம் இப்போது ஹரியானாவின் பல்லப்கரில் இருக்கிறது. கால்நடை மருத்துவரின் தகுதிச் சான்று, படப்பிடிப்பு முடிந்ததும் ஆட்சேபமில்லாச் சான்று இரண்டும் கோப்பில் இருக்க வேண்டும். பின்னால் ஓரமாகத்தானே மாடு நிற்கிறது என்று விட்டுவிடுவார்கள். சென்சார் அந்தக் காட்சியை நிறுத்தும், அதில் நாயகியின் முக்கிய வசனம் இருக்கும். புகைபிடிக்கும் காட்சி இருந்தால் தொடக்கத்திலும் இடைவேளைக்குப் பிறகும் 30 விநாடி எச்சரிக்கைப் படம், காட்சியின்போது எழுத்து. எடிட்டரிடம் முன்கூட்டியே சொல், ஓடும் நேரத்தில் அதுவும் சேரும்.

  சென்சாருக்கு விண்ணப்பம் ஆன்லைனில்தான். 2023 திருத்தத்துக்குப் பிறகு யு/ஏ சான்றிதழ் 7, 13, 16 வயது என்று மூன்றாகப் பிரிந்திருக்கிறது. குடும்பத்தோடு வருபவர்களை நம்பும் படத்துக்கு 16 விழுந்தால் அடி. அதை வெட்டுமேசையில் யோசிப்பதைவிட எழுதும்போது யோசிப்பது மலிவு.

திருமணக் காட்சியை, தயவுசெய்து, குருத்வாரா செட் போட்டு எடுக்காதே. சீக்கிய குருமார்களாக மனிதர் நடிப்பதும் கூடாது. 2018-இல் ‘நானக் ஷா ஃபகீர்’ படத்துக்குச் சீக்கியரின் உயர்ந்த சமய பீடமான அகால் தக்த் தடை சொன்னபோது அதன் தயாரிப்பாளரையே சமயத்திலிருந்து விலக்கினார்கள். பொறுப்பு யார் தலையில் விடிந்தது பார்.

வெளிநாட்டுப் படப்பிடிப்பு பற்றிக் கேட்டிருந்தாய். பஞ்சாபி நகைச்சுவைப் படங்களில் பாதி ஏன் லண்டனிலும் பர்மிங்ஹாமிலும் நடக்கின்றன என்று நினைக்கிறாய்? புலம்பெயர்ந்தவர் கதை என்பது ஒரு காரணம். வரிச் சலுகை இன்னொன்று. பிரிட்டனில் 2024 முதல் உள்ள திட்டப்படி, தகுதியுள்ள செலவில் 34 சதவீதம் வரவாகக் கிடைக்கும். அதற்கும் வரி உண்டு, கழித்தால் 25.5 கையில் நிற்கும். மொத்த மையச் செலவில் (முன்தயாரிப்பு, படப்பிடிப்பு, பின்தயாரிப்புச் செலவு) 80 சதவீதம், பிரிட்டனில் ஆன செலவு, இரண்டில் குறைவானதற்கே இந்தக் கணக்கு. படத்தை நடத்துவது பிரிட்டன் கம்பெனியாக இருக்க வேண்டும். இது பிரிட்டிஷ் படம்தானா என்று புள்ளி போட்டுப் பார்க்கும் கலாச்சாரத் தேர்வில் 35-க்கு 18 புள்ளி வேண்டும். வசனம் பஞ்சாபியில் என்றால் மொழிக்கான புள்ளி வராது. கதைக்களம், பாத்திரங்கள், அங்கே வேலை செய்யும் கலைஞர்கள் என்று வேறு பக்கம் சேர்த்தாக வேண்டும். நிறையப் பேர் தடுக்கி விழுவது இங்கேதான்: கேமராமேனுக்கும் நடிகருக்கும் இந்தியக் கம்பெனியிலிருந்தே பணம் போய்விடும், பிறகு அது பிரிட்டன் செலவாகக் கணக்கில் வராது. அந்தப் பணமும் வரிக்கணக்கு தாக்கல் செய்த பிறகே வரும், படப்பிடிப்புக்கு உதவாது. உன் கதை சங்ரூரில் நடப்பது. சலுகைக்காக லண்டனுக்கு நகர்த்தாதே. சங்ரூரில் எடுத்தாலே செலவு அதைவிடக் குறைவு.

பாட்டு. பஞ்சாபில் இசைக் கம்பெனியின் அட்வான்ஸ்தான் பலருக்குப் படம் தொடங்கும் காசு. அதனால் ஒப்பந்தத்தை அவசரமாகப் போட்டுவிடுவார்கள். நீரு பாஜ்வா நடித்த ‘லௌங் லாச்சி’யின் (2018) தலைப்புப் பாட்டு யூட்யூபில் நூறு கோடிப் பார்வை தாண்டிய முதல் இந்தியப் பாட்டு. சேனல் யாருடையதோ விளம்பரப் பணம் அவருக்கு. தயாரிப்பாளருக்கு வருவது ஒப்பந்தத்தில் எழுதியது மட்டும். ஆகவே மொத்தமாக விற்காமல் அட்வான்ஸுக்கு மேல் பங்கு கேள். பின்னணி இசையைத் தனியாக வைத்துக்கொள். பாடலாசிரியருக்கும் இசையமைப்பாளருக்கும் ராயல்டியில் உள்ள பங்கை அவர்களே விட்டுக்கொடுத்தாலும் செல்லாது, 2012 சட்டம் அப்படி. அதை மறைத்து எழுதும் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடாதே.

விநியோகத்தில் ‘ஈஸ்ட் பஞ்சாப்’ என்பது பஞ்சாப், ஹரியானா, இமாச்சல், ஜம்மு காஷ்மீர், சண்டிகர் சேர்ந்த ஏரியா. மினிமம் கேரண்டியாக, அதாவது வசூல் எப்படியானாலும் உனக்கே நிற்கும் தொகையாக, எவராவது கொடுத்தால் முதல் படத்துக்கு வாங்கிக்கொள். கமிஷன் அடிப்படையில் போனால் விளம்பரச் செலவு உன் தலையில், கணக்கு அவர் கையில். மல்டிபிளெக்ஸ் வசூலில் தயாரிப்பாளர், விநியோகஸ்தர் தரப்புக்கு வரும் பங்குக்கு 2009-இல் ஹிந்திப் படங்களுக்குப் பேசிய விகிதம் இது: முதல் வாரம் 50 சதவீதம், பிறகு 42.5, 37.5, 30. உனக்கு வரும் பேரத்தை இதோடு ஒப்பிட்டுப் பார். பாகிஸ்தான் சந்தையை நம்பி பட்ஜெட் போடாதே. அங்கே ஓடுவது இங்கே ஓடாமலும் போகலாம்: 2025-இல் ‘சர்தார்ஜி 3’ அங்கே அமோகமாக ஓடியது; ஆனால் பாகிஸ்தான் நடிகை ஹானியா ஆமிர் இருந்ததால் எழுந்த எதிர்ப்பில் இந்தியாவில் வெளியாகவே இல்லை.

டி.சி.பி.யோடு, அதாவது திரையரங்குக்கு அனுப்பும் டிஜிட்டல் படக் கோப்போடு, போகும் டிஜிட்டல் சாவி ஒவ்வொரு திரையரங்கின் சர்வருக்கும் தனித்தனி. நேர வரம்பும் உண்டு. வான்கூவரின் நேரத்தை இந்திய நேரமாகப் போட்டுவிட்டால் முதல் காட்சிக்குத் திரை இருட்டாகவே இருக்கும். ஒரு நாள் முன்னும் பின்னும் சேர்த்து வாங்கு.

கடைசியாக, நீ முதலாளியானால் செய்ய வேண்டியது. பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில், பணியிடத்தில் பெண்களுக்கு எதிரான பாலியல் தொல்லையைத் தடுக்கும் 2013 சட்டப்படி உள்புகார்க் குழு கட்டாயம்: தலைவர் மூத்த பெண் ஊழியர், பாதிப் பேராவது பெண்கள், வெளியிலிருந்து ஒருவர். அவர்கள் பெயரையும் எண்ணையும் கால்ஷீட் தாளிலேயே அச்சடி. கிராமத்தில் நாயகிக்கு வேனிட்டி வேன் நிற்கும். மேக்கப், காஸ்ட்யூம், உதவி இயக்கப் பெண்களுக்குக் கழிப்பறை இருக்காது. தண்ணீர் குடிக்காமலே பன்னிரண்டு மணி நேரம் ஓட்டுவார்கள், உனக்கே தெரியும். நகரும் கழிப்பறை ஒன்று, இரவுப் படப்பிடிப்பு முடிந்து வீடுவரை விட வண்டி ஒன்று. பட்ஜெட்டில் இவை இரண்டும் தனி வரியாக இருக்கட்டும். பணம் குறையும்போது முதலில் வெட்டச் சொல்வது இந்த வரிகளைத்தான், வெட்டாமல் இருக்க உன் கையெழுத்து வேண்டும்.

வசனகர்த்தாவோடு போட்ட பத்திரத்தின் நகலை அனுப்பு. நிலப்பரப்பு என்ற இடத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று பார்க்கிறேன். அதுவரை அவருக்கு இரண்டாம் தவணை கொடுக்காதே.

அன்புடன்,
அக்கா